ஜெஹான் அலேன்: எந்தப் பிரதி கடைசிப் பிரதி?

1940 ஜூன் 17. சண்டையை நிறுத்தியாகணும்னு பிரான்ஸோட புதுப் பிரதமர் பெத்தான் ரேடியோவுல சொல்றார். ஜூன் 22-ல ஜெர்மனியோட போர்நிறுத்தம் கையெழுத்தாகுது. நாம இன்னைக்குப் பேசப்போற ஜெஹான் அலேன் இறந்தது இதுக்கு நடுவுல, ஜூன் 20-ஆம் தேதி. மோட்டார் சைக்கிள்ல தகவல் கொண்டுபோற சிப்பாய். லுவார் நதிக்கரையில சோமூர் பக்கத்துல எதிரி எதுவரைக்கும் வந்திருக்கான்னு பார்க்கப் போனவர், தனியாளா சண்டை போட்டு உயிரை விட்டார். வயசு 29. வீட்டுல மனைவி, மூணு குழந்தைகள்.

அவரைப் பத்தின பேச்சு பெரும்பாலும் இந்த வீரமரணத்தோட முடிஞ்சுபோகுது. எனக்கு அதுல உடன்பாடு இல்லை. அவர் இசையமைப்பாளர், ஆர்கனிஸ்ட்.

1911-ல சான்-ஜெர்மான்-ஆன்-லேல பிறந்தார். அப்பா அல்பேரும் ஆர்கனிஸ்ட்தான். அவர் வீட்டுக்குள்ளேயே சொந்தக் கையால பைப் ஆர்கன் ஒண்ணைக் கட்டி, வருஷக்கணக்கா பெருசாக்கிக்கிட்டே போனார். கடைசியில கைக்கு மட்டும் நாலு வரிசைக் கட்டைகள்! நம்ம ஹார்மோனியத்துல காத்து சின்ன நாக்குகளை அதிரவைக்கும். இதுல காத்து நூத்துக்கணக்கான குழாய்கள் வழியா ஒலிக்கும். கால்களுக்கும் தனிக் கட்டைகள் உண்டு.

தேவாலய வாத்தியம்தான், ஆனா ஜெஹானோட காது எங்கெங்கேயோ போச்சு. 1932-ல அவர் எழுதின ரெண்டு நடனங்கள் யாருக்குத் தெரியுமா? அக்னி யவிஷ்டாவுக்கு! ஆமா, ரிக் வேதத்துல அக்னிக்கு வர்ற அடைமொழி, 'மிக இளையவன்'னு அர்த்தம். 1937-ல 'லித்தனி' வந்தது. ஒரே மெட்டு விடாம திரும்பத் திரும்ப வரும், மூச்சுவாங்கவைக்கும். அதே வருஷம் தங்கை ஒதில் மலையேறும்போது விபத்துல இறந்துபோனாங்க. 'மூன்று நடனங்கள்'ல துக்கத்துக்கான நடனம் அவங்க நினைவுக்கானது. 1939-ல பாரிஸ் கன்சர்வேட்டரியில ஆர்கனுக்கு முதல் பரிசு. சில மாசத்துல போர் வந்துடுச்சு.

எனக்கு முக்கியமாப் படறது இதுக்கப்புறம் நடந்ததுதான். ஜெஹான் ஒரே படைப்புக்குப் பல கையெழுத்துப் பிரதிகள் விட்டுட்டுப் போயிருந்தார். ஒண்ணு மாதிரி இன்னொண்ணு இருக்காது. எது முடிவானது? கேட்க ஆள் இல்லை. அண்ணன் இறந்தப்போ கடைசித் தங்கை மாரி-கிளேருக்கு வயசு 13. பின்னால உலகப் புகழ் பெற்ற ஆர்கனிஸ்டா ஆன அவங்க, அண்ணனோட ஆர்கன் படைப்புகள் முழுசையும் ஒரு தடவைக்கு மேலயே பதிவு செஞ்சாங்க. பிரதிகளை ஒப்பிட்டு, எந்த இடத்துல எது மாறுதுன்னு தனியா குறிப்புகளும் எழுதினாங்க. தங்கை சொன்னதாலேயே அதுதான் சரின்னு ஆகிடுமா? ஆகாது. ஆனா அவங்க தன் தேர்வை மட்டும் அச்சடிச்சுட்டு மத்ததை மூடி வைக்கல. 2013-ல அவங்களும் காலமானாங்க. இப்போ வேற ஒருத்தர் வேற முடிவுக்கு வரணும்னாலும் வழி இருக்கு.

1942-லயே துருஃப்ளே 'அலேன்'ங்கிற பேரோட எழுத்துக்களை ஸ்வரங்களாக்கி ஒரு அஞ்சலி எழுதினார். அதுக்குள்ள 'லித்தனி' மெட்டும் எட்டிப்பார்க்கும். முதல்ல 'லித்தனி', அப்புறம் துருஃப்ளேன்னு கேளுங்க. அந்த வீட்டு ஆர்கன் இப்போ சுவிட்சர்லாந்துல, ரோமன்மொத்தியேங்கிற ஊர்ல இருக்கு.