டாம் சவினி: வியட்நாமில் கேமரா, பிட்ஸ்பர்க்கில் ரத்தம்

பேய்ப்படம் என்றால் நமக்கெல்லாம் வெள்ளைப் புடவை, கொலுசுச் சத்தம், தூரத்தில் ஊளையிடும் நாய். ரத்தம் அவ்வளவாகக் கிடையாது. 1951ல் வந்த எம்.ஜி.ஆர். படமான 'மர்மயோகி'தான் தமிழில் முதன்முதலில் 'ஏ' சான்றிதழ் வாங்கிய படம் என்பார்கள். காரணம் வெட்டு குத்து இல்லை, படத்தில் ஒரு ஆவி வருகிறது, அவ்வளவுதான்! இன்று அந்தப் படத்தைப் பார்க்கும் ஐந்து வயசுப் பையன் கூட சிரிப்பான்.

அமெரிக்காவில் கதை வேறு மாதிரி போனது. அறுபதுகளின் கடைசியில் அங்கே பேய்ப்படத்திலிருந்து பேய் மெல்ல விலகி, உடம்பு உள்ளே வந்தது. வெட்டுப்பட்ட, கிழிந்த, அழுகிய மனித உடம்பு. அந்த உடம்பை ரப்பரிலும் மெழுகிலும் செய்து காட்டி, அதையே ஒரு தொழிலாக நிலைநிறுத்தியவர்களில் முக்கியமானவர் டாம் சவினி. இவர் ஒரு முன்னாள் ராணுவ வீரர். வியட்நாம் போரில் அமெரிக்க ராணுவத்தின் போர்க்களப் புகைப்படக்காரராக இருந்தவர்.

சவினி 1946ல் பென்சில்வேனியா மாநிலத்தின் பிட்ஸ்பர்க் நகரில் பிறந்தவர். அது இரும்பு ஆலைகளின் ஊர். சினிமாவுக்கும் அந்த ஊருக்கும் அப்போது பெரிய சம்பந்தம் இல்லை. 1957ல் ஊமைப்பட நடிகர் லான் சேனியின் வாழ்க்கையை வைத்து ஒரு படம் வந்தது. சேனி தன் முகத்தைத் தானே விதவிதமாக மாற்றிக்கொண்டு நடித்தவர். அந்தப் படத்தைப் பார்த்த பையனுக்கு மேக்கப் பைத்தியம் பிடித்துவிட்டது. கையில் கிடைத்ததையெல்லாம் வைத்து காயம், தழும்பு, கோரப்பல் என்று செய்து பார்க்க ஆரம்பித்தான். இதை ஏன் முதலிலேயே சொல்கிறேன் என்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. பின்னால் வருகிறேன்.

அதே பிட்ஸ்பர்க்கில் விளம்பரப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தவர் ஜார்ஜ் ரொமெரோ. அவரும் நண்பர்களும் சேர்ந்து 1968ல் வெளியிட்ட படம் 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்'. செத்தவர்கள் எழுந்து வந்து மனிதர்களைத் தின்னும் கதை. இன்றைக்கு நாம் 'ஜாம்பி' என்று சொல்லும் எல்லாவற்றுக்கும் தாத்தா அந்தப் படம்தான். அதில் மேக்கப் வேலை செய்ய சவினியைத்தான் ரொமெரோ நினைத்திருந்தார். ஆனால் ராணுவம் முந்திக்கொண்டது. நண்பர்கள் பொய்ப் பிணங்களோடு படம் எடுத்துக்கொண்டிருக்க, இவர் பட்டாளத்துக்குப் போய்விட்டார். அங்கே காத்திருந்தவை நிஜப் பிணங்கள்.

வியட்நாமில் இவருடைய வேலை, நடந்த சேதத்தைப் படம் எடுப்பது. எரிந்த வண்டி, இடிந்த கட்டிடம், செத்த மனிதன், எல்லாமே அந்தக் கணக்கில்தான் சேரும். கண்ணுக்கும் காட்சிக்கும் நடுவே லென்ஸ் என்று ஒன்று இருந்ததால்தான் தன்னால் தாங்க முடிந்தது என்று பிறகு பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். பார்ப்பதை 'இதை நான் எப்படிச் செய்வேன், எந்தப் பொருளில் செய்வேன்' என்று மனசுக்குள் மாற்றிக்கொள்வாராம். எதிரே கிடப்பது துண்டான கை. அதை ஒரு 'எஃபெக்ட்' என்று நினைத்துக்கொண்டால் தலை சுற்றாது. படிக்கும்போது எனக்கு இது கொஞ்சம் பயமாகத்தான் இருந்தது. ஆனால் பைத்தியம் பிடிக்காமல் திரும்பி வர ஒரு இருபது வயசுப் பையனுக்கு வேறு என்ன வழி இருந்திருக்கும்?

இன்னொரு சம்பவமும் உண்டு. ஒரு இரவு காவல் பணியில் இருக்கும்போது வெளிச்சக் குண்டு வெடித்து, பதற்றத்தில் புதரைப் பார்த்துச் சுட்டிருக்கிறார். புதரிலிருந்து ஒரு வாத்து வெளியே வந்தது. அதிலிருந்து கூட இருந்தவர்கள் வைத்த பட்டப்பெயர் 'வாத்து வேட்டைக்காரன்' :) பட்டாளத்துக் கேலி எந்த நாட்டிலும் ஒன்றுதான் போலிருக்கிறது.

திரும்பி வந்தவர் வட கரோலினாவில் நாடகங்களில் நடித்தார். சினிமாவில் முதல் வேலை பாப் கிளார்க் இயக்கிய 'டெத்ட்ரீம்' (1974). அதன் கதையைக் கேளுங்கள். வியட்நாமில் மகன் செத்துவிட்டான் என்று வீட்டுக்குச் செய்தி வருகிறது. தாய் நம்ப மறுக்கிறாள். அன்று இரவே மகன் வாசலில் வந்து நிற்கிறான். ஆனால் அவன் பழைய மகன் இல்லை, நாற்காலியில் சும்மா ஆடிக்கொண்டே உட்கார்ந்திருக்கிறான், அழுகாமல் இருக்க அவனுக்கு மனித ரத்தம் தேவைப்படுகிறது. இந்தப் படத்தின் மேக்கப்பில் உதவியவர், உண்மையிலேயே வியட்நாமிலிருந்து வீடு திரும்பிய ஒருவர். போர் முடிந்திராத அந்த வருடங்களில் பெரிய ஸ்டுடியோக்கள் வியட்நாமைத் தொடவே தயங்கின. மலிவான ஒரு பேய்ப்படம் தொட்டது.

இங்கே கொஞ்சம் பின்னோக்கிப் போகலாம். போரிலிருந்து வந்தவர்கள் பேய்ப்படம் எடுப்பது சவினியோடு தொடங்கியது இல்லை. 1922ல் 'நோஸ்ஃபெராட்டு' எடுத்த முர்னாவ், முதல் உலகப்போரில் ஜெர்மன் விமானப்படையில் இருந்தவர். 1931ல் 'ஃப்ராங்கன்ஸ்டைன்' எடுத்த ஜேம்ஸ் வேல் பிரிட்டிஷ் ராணுவ அதிகாரி. 1917ல் ஜெர்மானியரிடம் பிடிபட்டு, கைதி முகாமில்தான் நாடகம் போடக் கற்றுக்கொண்டார். அந்தப் போரில் முகம் சிதைந்த வீரர்களுக்காக பாரிஸில் ஆனா கோல்மன் லாட் என்ற சிற்பி மெல்லிய உலோக முகமூடிகள் செய்து கொடுத்தார். முகமூடி போட்டுக்கொண்டு நடமாடிய மனிதர்களைத் தெருவில் பார்த்த தலைமுறை அது. 1925ல் 'பேன்டம் ஆஃப் தி ஓபரா'வில் லான் சேனியின் முகமூடி கழற்றப்பட்டபோது ஐரோப்பாவில் பலருக்கு அது வெறும் சினிமாவாக இருந்திருக்காது.

சரி, சவினிக்கு வருவோம். ரொமெரோவோடு 'மார்ட்டின்', அடுத்து 1978ல் 'டான் ஆஃப் தி டெட்'. பிட்ஸ்பர்க் பக்கத்தில் மன்ரோவில் என்ற இடத்தில் இருந்த பெரிய ஷாப்பிங் மாலில், கடைகள் அடைத்த பிறகு இரவு முழுக்க எடுத்த படம். கிறிஸ்துமஸ் தோரணங்கள் தொங்கிய வாரங்களில் படப்பிடிப்பையே நிறுத்தி வைத்தார்கள், அவற்றை ஒவ்வொரு இரவும் கழற்றி மாட்டக் கட்டுப்படியாகாது என்பதால். காமர்ஸ் படிக்கிறவனுக்கு இந்த மாதிரி விஷயங்கள்தான் சுவாரஸ்யம்! பட்ஜெட் 15 லட்சம் டாலர் என்று வெளியே சொன்னார்கள். உண்மையில் அதில் பாதிகூட ஆகவில்லை என்று தயாரிப்பாளர் தரப்பே பின்னாளில் சொன்னது. அந்தப் படத்தில் ரத்தம் பெயின்ட் மாதிரிப் பளீரென்று இருக்கும். சவினிக்கே அது பிடிக்கவில்லை. காமிக்ஸ் புத்தகம் மாதிரி இருக்கிறது, அதுவே நல்லது என்று ரொமெரோ விட்டுவிட்டார்.

1980ல் 'ஃப்ரைடே தி தர்டீன்த்'. செலவு ஐந்தரை லட்சம் டாலர், அமெரிக்காவில் மட்டும் வசூல் கிட்டத்தட்ட 4 கோடி டாலர். போட்ட முதலுக்கு எழுபது மடங்கு! அதில் அப்போது யாருக்கும் தெரியாத கெவின் பேகன் என்ற இளைஞர் கட்டிலில் படுத்திருக்க, கீழிருந்து ஒரு அம்பு தொண்டையைத் துளைத்துக்கொண்டு வரும். எப்படி எடுத்தார்கள்? பேகன் கட்டிலுக்குக் கீழே மண்டியிட்டு, மெத்தையில் போட்ட ஓட்டை வழியாகத் தலையை மட்டும் மேலே நீட்டியிருக்கிறார். கழுத்தும் மார்பும் ரப்பர். கட்டிலுக்கு அடியில் நெருக்கியடித்துக்கொண்டு சவினியும் உதவியாளரும். ரத்தம் ஏற்றும் பம்ப்பின் குழாய் சரியான நேரத்தில் பிடுங்கிக்கொண்டது. இன்னொரு முறை எடுக்க வேறு ரப்பர் கழுத்து இல்லை. உதவியாளர் குழாயை வாயில் வைத்து ஊதிவிட்டார். திரையில் ரத்தம் துடிப்பு துடிப்பாகக் கொப்பளித்து வந்து, நிஜமாகவே இதயம் துடிப்பது போல் இருந்தது.

அதே வருடம் 'மேனியாக்'. நியூயார்க் தெருவில் காருக்குள் இருக்கும் ஒருவன் தலை துப்பாக்கிச் சூட்டில் சிதறுகிறது. காருக்குள் இருப்பவன் வேடத்தில் நடித்ததும் சவினி. சிதறும் பொம்மைத் தலை சவினியின் சொந்த முகத்தில் எடுத்த அச்சு. அதை நிஜத் துப்பாக்கியால் சுட்டவரும் சவினி. அனுமதியெல்லாம் வாங்கவில்லை. சுட்டதும் துப்பாக்கியை வண்டியில் போட்டு அனுப்பிவிட்டுக் கலைந்து போனார்கள். போரிலிருந்து பத்திரமாகத் திரும்பிய ஒரு மனிதன், தன் தலையைத் தானே செய்து தானே சுடுகிறான். மனோதத்துவம் படிப்பவர்கள் இதை வைத்து ஒரு புத்தகமே எழுதலாம்.

எதிர்ப்பு இல்லாமல் இருக்குமா? சிகாகோ விமர்சகர் ஜீன் சிஸ்கல் 'ஃப்ரைடே தி தர்டீன்த்' மீது எவ்வளவு கோபப்பட்டார் என்றால், யாரும் போகக்கூடாது என்பதற்காகவே கொலையாளி யார் என்பதை விமர்சனத்தில் போட்டு உடைத்தார். ஆனால் அவருடைய கூட்டாளி ரோஜர் ஈபர்ட், 'டான் ஆஃப் தி டெட்'டுக்கு முழு மதிப்பெண் கொடுத்தவர். ஆக, ரத்தம் அல்ல பிரச்சினை. அதை வைத்து என்ன சொல்கிறாய் என்பதுதான். சவினி வேலை செய்த படங்கள் எல்லாமே ஏதோ சொல்கின்றன என்று நான் வாதாட மாட்டேன். பாதிக்கு மேல் வெறும் வெட்டுதான்.

இங்கே இன்னொன்று. எங்கள் அகரத்துக்குப் பக்கத்திலேயே தாடிக்கொம்பு சௌந்தரராஜப் பெருமாள் கோயில் இருக்கிறது. அங்கே மண்டபத் தூணில் உக்கிர நரசிம்மர் இரணியனை மடியில் போட்டுக் குடலை உருவுகிறார். கல்லில் ஒவ்வொரு மடிப்பும் தெரியும். குழந்தைகளைத் தூக்கிக் காட்டிக் கும்பிடச் சொல்கிறோம். அதனால் 'நம் கலாசாரத்தில் இதெல்லாம் கிடையாது' என்று யாராவது சொன்னால் நான் அந்தத் தூணைத்தான் காட்டுவேன்.

சவினியின் உச்சம் 1985ல் வந்த ரொமெரோவின் 'டே ஆஃப் தி டெட்'. வெட்டுகளுக்கு ஒத்துக்கொண்டால் பெரிய பட்ஜெட், இல்லாவிட்டால் பாதிதான் என்றார்கள். ரொமெரோ பாதியை வாங்கிக்கொண்டார். பூமிக்கடியில் ஒரு பழைய சுரங்கத்தில் படப்பிடிப்பு. ராணுவ அதிகாரி ஒருவரை ஜாம்பிகள் கிழிக்கும் காட்சிக்கு நிஜப் பன்றிக் குடல் வாங்கி ஃப்ரிட்ஜில் வைத்திருந்தார்கள். இடையில் யாரோ மின் இணைப்பைப் பிடுங்கிவிட, எல்லாம் அழுகிப் போய்விட்டது. வேறு வழியில்லாமல் அதையே பயன்படுத்தினார்கள். அந்த நாற்றத்தில் படுத்துக்கொண்டே நடிகர் ஜோ பிலாட்டோ வசனம் பேசினார். இந்த வேலைக்காக சவினிக்கு சாட்டர்ன் விருது கிடைத்தது.

ஆனால் அந்தப் படத்தில் குடலைவிட முக்கியமான காட்சி வேறு. பப் என்று ஒரு ஜாம்பி. உயிரோடு இருந்த காலத்தில் அவன் சிப்பாய். எல்லாம் மறந்துவிட்டது, பேச்சு இல்லை, ஆனால் ராணுவச் சீருடையைப் பார்த்ததும் கை தானாக எழுந்து சல்யூட் அடிக்கிறது. அந்த மேக்கப்பில் முகம் முழுக்க மறைந்திருந்தும் நடிகர் ஹோவர்ட் ஷெர்மனின் கண் தெரியும்படி விட்டிருக்கிறார்கள். சாவுக்கு அப்பாலும் உடம்பில் மிச்சமிருக்கும் ஒரே ஞாபகம் பட்டாளம்! சவினி செய்ததிலேயே எனக்குப் பிடித்தது இதுதான். இதில் ஒரு சொட்டு ரத்தம்கூட இல்லை.

இப்போது முதலில் சொல்லாமல் விட்ட காரணம். 'வியட்நாம்தான் சவினியை உருவாக்கியது' என்று பத்திரிகைகள் எழுதி எழுதி அது ஒரு புராணமாகவே ஆகிவிட்டது. அவரும் அதை மறுப்பதில்லை. ஆனால் போருக்குப் பத்து வருடம் முன்பே அந்தப் பையன் காயம் வரைந்துகொண்டிருந்தான். போர் கொடுத்தது ஆசையை அல்ல, அளவுகோலை. நிஜத்தைப் பார்த்தபோது வயிற்றில் என்ன நடந்ததோ அது நடக்காவிட்டால் ஒரு எஃபெக்டை அவர் ஏற்றுக்கொள்வதில்லை. மற்ற மேக்கப்காரர்கள் மருத்துவப் புத்தகத்தைப் பார்த்தார்கள், இவருக்கு அது தேவைப்படவில்லை.

எனக்கு உறுத்துவது ஒன்றுதான். அந்தப் புகைப்படங்களில் கிடந்தவர்களில் பலர் வியட்நாமியர்களாகத்தானே இருந்திருப்பார்கள்? அவர்களுக்கும் பெயர் இருந்திருக்கும், வீடு இருந்திருக்கும். திரைக்கு வரும்போது அந்த உடம்புகள் எல்லாம் அமெரிக்கக் கோடைமுகாம் இளைஞர்களாக மாறிவிட்டன. 2009ல் முள்ளிவாய்க்காலிலிருந்து வந்த படங்களைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும். அதை யாராவது 'எஃபெக்ட்' என்று சொன்னால் நமக்கு எப்படி இருக்கும்? இதற்காக சவினியைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவரை அங்கே அனுப்பியது அவர் இல்லை. ஆனாலும் உறுத்துகிறது.

1990ல் சவினியே இயக்குநராகி 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்'டை மறுபடி எடுத்தார். இதற்குப் பின்னால் ஒரு வணிகக் கதை. 1968ல் சுமார் 1,14,000 டாலரில் எடுத்த மூலப் படத்துக்கு வெளியிடும் நேரத்தில் தலைப்பை மாற்றினார்கள். மாற்றிய டைட்டில் அட்டையில் காப்புரிமை வரியைப் போட மறந்துவிட்டார்கள். அன்றைய அமெரிக்கச் சட்டப்படி படம் பொதுச் சொத்தாகிவிட்டது! யார் வேண்டுமானாலும் பிரதி போட்டு விற்கலாம். உலகம் முழுக்க ஓடிய படத்தில் எடுத்தவர்களுக்கு வந்தது சொற்பம். இழந்ததில் கொஞ்சத்தையாவது மீட்கத்தான் அந்த மறு ஆக்கம். ரத்தத்துக்குப் பெயர் போனவர் இயக்கிய படத்தில், தணிக்கைக்குப் பயந்து ரத்தத்தை வெட்டினார்கள். அந்தப் படப்பிடிப்பு தன் வாழ்க்கையின் மோசமான அனுபவம் என்று சவினி சொல்லியிருக்கிறார். கறுப்பின நடிகர் டோனி டாட், பாட்ரிசியா டால்மன் இருவரும் அதில் பிரமாதம். வந்தபோது யாரும் கண்டுகொள்ளவில்லை, இப்போது தேடிப் பார்க்கிறார்கள்.

2000ல் பிட்ஸ்பர்க்குக்குத் தெற்கே மொனெசென் என்ற சிறிய ஆலை நகரத்தில் தன் பெயரிலேயே மேக்கப் படிப்பு ஒன்றைத் தொடங்கினார். இரும்பு ஆலை மூடிப்போன ஊர் அது. 'டே ஆஃப் தி டெட்'டில் அவரிடம் எடுபிடியாகச் சேர்ந்த கிரெக் நிகோடெரோ, பிறகு 2010 முதல் 2022 வரை ஓடிய 'தி வாக்கிங் டெட்' தொடரின் எல்லா ஜாம்பிகளையும் செய்தவர். அவரும் பிட்ஸ்பர்க்காரர்தான்.