ரப்பர்க் கணக்கும் பொருளாதார அறிஞர் இருவரும்

ரப்பர் விலை ஏறியபோது நல்ல காலம் என்றும், இறங்கியபோது தலையெழுத்து என்றும் சொல்லிப் பழகியவர்கள் நம் முன்னோர். லயத்தில் பிறந்து லயத்திலேயே மடிந்த அவர்களுக்கு வேறு விளக்கம் சொல்ல எவரும் முன்வரவில்லை. கோயிற் பூசாரி தலையெழுத்து என்றான். கங்காணியும் அதையே சொன்னான். துரைமார்க்கோ அச்சொல் மிகவும் வசதியாயிருந்தது. ஆனால் விலை வானத்திலிருந்து பொழிவதன்று. அது விழும்போது நட்டத்தை யார் தலையில் சுமத்துவது என்பதை மேசையைச் சுற்றி அமர்ந்த மனிதர்களே முடிவு செய்தார்கள். அந்த மேசையின் கணக்கேட்டைப் புரட்டிப் பார்த்த அறிஞர் இருவரை டுரியான் துங்கால் வட்டாரத்துத் தமிழர் அறிந்திருத்தல் வேண்டும். ஒருவர் ஹங்கேரி நாட்டில் பிறந்தவர். மற்றவர் ஜொகூர் அரச குடும்பத்தைச் சேர்ந்தவர். இருவரும் தமிழரல்லர், எனினும் அவர்கள் ஆராய்ந்த கணக்கு நம்முடையது.

மலாயாவில் வாணிபத்துக்கென ரப்பர் பயிரிட்ட முதல் தோட்டம் நம் மலாக்காவில் எழுந்ததேயாகும். சிங்கப்பூர்த் தாவரத் தோட்டத்து ரிட்லி என்பார் விதைகளைக் கையிலேந்தி ஆள் தேடித் திரிந்த காலத்தில், காப்பிப் பயிரை நம்பியிருந்த வெள்ளையர் அவரைப் பித்தர் என நகைத்தனர். 1896இல் மலாக்காச் சீனரான தான் சே யான் புக்கிட் லிந்தாங்கில் ஏறத்தாழ 40 ஏக்கரில் நட்டுப் பார்த்தார். பின்னர் புக்கிட் அசஹானில் பெருக்கினார். அதன்பின் நாற்பதாண்டு கழிவதற்குள் இந்நாட்டில் ரப்பர் நிலம் 30 லட்சம் ஏக்கரைத் தாண்டிவிட்டது. அதில் ஐந்தில் மூன்று பங்கு, நம்மவர் வேர்வையில் விளைந்த பெருந்தோட்டம். எஞ்சிய இரண்டு பங்கு, நூறு ஏக்கருக்குட்பட்ட சிறுதோட்டம். பெரும்பாலும் கம்பத்து மலாய்க்காரரும் சீனரும் வைத்திருந்த சில்லறை நிலம்.

இந்தச் சில்லறை நிலந்தான் லண்டன் கம்பெனிகளுக்குக் கண்ணில் விழுந்த துரும்பாயிற்று. முதல் உலக யுத்தத்துக்குப் பின் விலை சரிந்ததும், 1922 நவம்பரில் ஸ்டீவன்சன் திட்டம் வந்தது. இன்னின்ன தோட்டம் இவ்வளவே ஏற்றுமதி செய்யலாம் என்று சீட்டுக் கொடுத்து விலையை உயர்த்தும் ஏற்பாடு அது. 1925இல் ஒரு ராத்தல் நான்கு ஷில்லிங்குக்கு மேல் ஏறியது. ஆயினும் டச்சுக்காரர் அதில் சேராமையால் அவர்கள் ஆண்ட தீவுகளில் குடியானவர் மரங்களை நட்டுக் குவித்தார்கள். 1928இல் திட்டம் கவிழ்ந்தது. அடுத்து உலகப் பெருமந்தம் வந்து, 1932இல் ராத்தல் இரண்டு பென்ஸுக்கும் கீழே போயிற்று. 1934இல் டச்சுக்காரரையும் கூட்டிக்கொண்டு சர்வதேச ரப்பர்க் கட்டுப்பாட்டு ஒப்பந்தம் செய்தனர். இம்முறை புதிதாக மரம் நடுவதையே தடுத்துவிட்டார்கள்.

கம்பெனிகள் இதற்குச் சொன்ன நியாயம் விசித்திரமானது. கம்பத்துக்காரன் மரத்தைக் கண்டபடி வெட்டுகிறான், பட்டையை வீணாக்குகிறான், நெருக்கமாக நட்டு மரத்தைக் கெடுக்கிறான், ஆகவே அவனைக் கட்டுப்படுத்துவது அவனுக்கே நல்லது என்றார்கள். சாஸ்திரம் படித்தவன் சொன்னால் சூத்திரன் கேட்கவேண்டும் என்ற நம்மூர் நியாயத்துக்கும் இதற்கும் வேற்றுமை காண்பது அரிது.

இந்த நியாயத்தைச் சோதித்துப் பார்த்தவரே பீட்டர் பௌவர். 1915இல் புடாபெஸ்ட் நகரில் பிறந்தவர். தந்தை குதிரைப் பந்தயத்தில் பணயம் வாங்கும் தொழிலினர். 1934இல் கேம்பிரிட்ஜுக்குப் படிக்க வந்தார். பின்னர் மலாயாவில் பெருந்தோட்டங்களை நிர்வகித்த கத்ரி கம்பெனியில் வேலை பார்த்தார். முதலாளி வீட்டுச் சோற்றை உண்டவர் முதலாளியின் கணக்கையே பிழை என்று எழுதினார் என்பதுதான் அவர் வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. 1946 ஜூலை முதல் செப்டம்பர் வரை பிரிட்டிஷ் குடியேற்ற நாட்டு இலாகாவின் சார்பில் மலாயாவின் சிறுதோட்டங்களைச் சுற்றிப் பார்த்தார். மேசையில் அமர்ந்து முடிவு கட்டாமல், மரங்களில் எஞ்சியிருந்த பட்டையையே ஆராய்ந்தார். வீணாயிற்று என்று சொல்லப்பட்ட பட்டை போதுமான அளவு இருக்கக் கண்டார். நெருக்கமாக நட்டதும் அறியாமையன்று. நிலம் குறைவாகவும் வீட்டார் உழைப்பு மிகுதியாகவும் உள்ளவனுக்கு அதுவே ஏற்ற முறை என்று காட்டினார்.

1948இல் அவருடைய அறிக்கையும், ரப்பர்த் தொழிலைப் பற்றிய பெருநூலும் வெளிவந்தன. அவற்றின் சாரம் யாதெனில், நடவுத் தடை எல்லார்க்கும் பொதுவென்பது ஏட்டளவில் மட்டுமே உண்மை. கம்பெனி தன் பழைய மரத்தில் ஒரு பகுதியை அழித்து, மிகுதியாகப் பால் தரும் ஒட்டுக்கன்றை நடலாம். அது மறுநடவு எனப்படும். மூன்று ஏக்கர் உடையவன் மரத்தை அழித்தால் கன்று வளரும் ஆறேழாண்டுக்கு அடுப்பில் எதை வைப்பான்? அவனுக்குப் புது நிலத்தில் நடுவதொன்றே வழி, அவ்வழியைத்தான் அடைத்தார்கள். அதோடு, ஏற்றுமதிச் சீட்டுக்காக அவனுடைய விளைச்சலை மதிப்பிட்டதிலும் உண்மையைவிடக் குறைத்தே எழுதினார்கள்.

நிற்க. பௌவர் நடத்திய வழக்கு மரமுடையவன் வழக்கு. மரமில்லாத நம்மவர் நிலை அந்த ஆண்டுகளில் எப்படியிருந்தது? ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்று முக்கிய வட்டாரங்களில் வகுத்திருந்த நாட்கூலி, மந்தம் வந்ததும் சரிந்து, ஆணுக்கே 30 காசுக்குக் கீழான தோட்டங்களும் உண்டாயின. (மரமென்னவோ பெண் கை, ஆண் கை என்று பார்த்துப் பால் சுரப்பதில்லை.) 1930க்கும் 1932க்கும் இடையில் ஒரு லட்சத்துக்கும் மிகுதியானோர் கப்பலேற்றித் தமிழகத்துக்குத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். விலை சரிந்த காலத்தில் கம்பத்துக்காரனுக்கு நாலு மரமும் ஒரு துண்டு நெல்வயலும் இருந்தன. நம்மவர்க்குக் கப்பற்சீட்டு இருந்தது. வெள்ளிநாக்குச் சீனிவாச சாஸ்திரியார் 1936 இறுதியில் இந்திய சர்க்காரின் சார்பில் வந்து பார்த்து, பழைய கூலியைத் திரும்பக் கொடுக்கவும் கங்காணி ஆள்பிடிப்பை நிறுத்தவும் எழுதினார். 1938இல் கூலி மீண்டும் குறைக்கப்பட்டதும், உதவி பெற்றுக் கப்பலேறுவதை இந்திய சர்க்கார் ஜூன் மாதத்தில் தடுத்தது. கூலியைப் பற்றி வாதாடியவர் பலர். நிலத்தைப் பற்றிப் பேசியவர் சிலரே.

அந்தக் கேள்வி பிறகு வேறு வடிவில் வந்தது. 1950களில் வெள்ளைக் கம்பெனிகள் பல தோட்டங்களை விற்றுச் சென்றன. வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு துண்டாக அறுத்து விற்றார்கள். லயம் ஒருவனுக்கும், மரம் ஒன்பது பேருக்கும் போனபின் தொழிலாளிக்கு எங்கே இடம்? இதை ஆராய்ந்தவர் உங்கு அஜீஸ். 1922இல் லண்டனில் பிறந்து, சிங்கப்பூரிலும், ஜப்பானியர் ஆட்சியின்போது தோக்கியோவின் வசேடா பல்கலைக்கழகத்திலும் கற்றவர். ஒரு குடும்பத்தின் வறுமையை அளக்க, அவ்வீட்டில் தலைக்கு எத்தனை சாரோங் உள்ளது என்று எண்ணினால் போதும் என்றவர் அவரே. நம் லயத்துக் கொடிக்கயிற்றில் தொங்கிய சேலைகளை எண்ணியிருந்தாலும் அதே விடைதான் கிடைத்திருக்கும். 1951 முதல் 1960 வரை நடந்த தோட்டத் துண்டாடலைப் பற்றி மலாயாப் பல்கலைக்கழகத்தின் சார்பில் அவர் எழுதிய ஆய்வு மூன்று பாகங்களாக வெளிவந்தது. துண்டாடிய நிலத்தில் வேலையும், குடியிருப்பும், மறுநடவும் எவ்வாறு சிதைகின்றன என்பதை அது ஏடேடாகக் காட்டிற்று.

இவ்விருவர் கருத்தும் ஒன்றல்ல. பௌவர் தரகனையும் வியாபாரியையும் பயனுள்ளவர் என்பார். அரசாங்கம் விலகி நின்றால் குடியானவன் தானே உயர்வான் என்பது அவர் கொள்கை. அஜீஸோ கடன்கொடுத்து விளைவை மலிவாக வாங்கும் தரகனே கம்பத்து வறுமைக்கு வேர் என்றார். கூட்டுறவையே மருந்தாகச் சொன்னார். மரமுடையவன் அறிவில்லாதவன் அல்லன் என்பதைப் பௌவரிடம் ஏற்றுக்கொள்கிறேன். மற்றதில் நான் அஜீஸ் பக்கம். ஏனெனில் ஒன்றுமில்லாதவன் சந்தைக்குள் நுழைவதற்கே முதலில் ஒரு பிடி வேண்டும்.

அந்தப் பிடியைத் தேடியவர் வீ. தி. சம்பந்தன். அவர் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தோட்டந்தோட்டமாகச் சென்று, மாதம் பத்து வெள்ளி வீதம் பத்து மாதம் கட்டினால் நூறு வெள்ளிப் பங்கு ஒன்று உங்களுடையது என்றார். நாள் முழுதும் பால் வெட்டிக் கிடைத்ததில் கள்ளுக்கடைக்குப் போனது போக மிஞ்சியதை நம்பி ஒரு சங்கமா என்று ஏளனம் செய்தவர் உண்டு. பத்து வெள்ளி வந்தது, பெண்களிடமிருந்தும் வந்தது. 1961இல் கெடாவில் புக்கிட் சிடிம் தோட்டத்தைச் சங்கம் விலைக்கு வாங்கிற்று. மறுநாட் காலையிலும் பெரட்டு நடந்தது. அதே வாளி, அதே கத்தி. கிராணி பெயர் கூப்பிட்ட வரிசையில் பங்குதாரர்கள் நின்றிருந்தார்கள்.