சுந்தரம் சல்லடை

சுந்தரம் சல்லடை என்பது, ஒரு குறிப்பிட்ட எல்லைக்குள் அடங்கும் பகா எண்கள் அனைத்தையும் பிரித்தெடுக்கும் முறை. எஸ். பி. சுந்தரம் என்ற இந்திய மாணவர் இதை 1934-இல் கண்டறிந்தார். 1-ஐவிடப் பெரியதாய், 1-ஆலும் தன்னாலும் மட்டுமே மீதியின்றி வகுபடும் எண் பகா எண். ஓர் எண் பகா எண்ணா என்று அறிய வகுத்துப் பார்ப்பதே வழக்கம். சுந்தரத்தின் முறையில் வகுத்தல் எங்குமே இல்லை. கூட்டலும், கடைசியில் ஓர் இரட்டிப்பும் போதும்.

முன்வரலாறு

பகா எண்களைச் சலித்தெடுக்கும் முதல் முறை, கி.மு. 3-ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த எரடோஸ்தனீசின் பெயரால் வழங்குகிறது. 2, 3, 5 என ஒவ்வொரு பகா எண்ணின் மடங்குகளையும் அடித்துக்கொண்டே போனால் எஞ்சுபவை பகா எண்கள். இந்தியாவில் நாராயண பண்டிதர் 1356-இல் இயற்றிய ‘கணித கௌமுதி’யில், எண்களின் வகுத்திகளைக் காணும் வழிகளை விரிவாக ஆராய்ந்தார்.

ஓர் எல்லைவரை பகா எண்கள் எத்தனை என்ற கேள்வி பின்னரே வலுப்பெற்றது. சிறுவயதிலேயே பகா எண் பட்டியல்களை ஆராய்ந்த ஜெர்மானியக் கணிதவியலாளர் கௌஸ், ஓர் எண்ணை அதன் இயல் மடக்கையால் வகுத்தால், அதுவரை உள்ள பகா எண்களின் எண்ணிக்கை ஏறத்தாழக் கிடைக்கும் என உணர்ந்தார். எண்கள் பெருகப் பெருக இம்மதிப்புக்கும் உண்மை எண்ணிக்கைக்கும் உள்ள விகிதம் 1-ஐ நெருங்குகிறது என்பதை 1896-இல் அடமாரும் தெ லா வல்லே பூசனும் தனித்தனியே நிறுவினர்.

தமிழகச் சூழல்

துணை ஆட்சியராகப் பணியாற்றிய வி. ராமசாமி ஐயர் 1907-இல் இந்தியக் கணிதவியல் கழகத்தைத் தொடங்கினார். அதன் இதழில்தான் சீனிவாச ராமானுஜனின் முதல் ஆய்வுக் கட்டுரை 1911-இல் வெளிவந்தது. 1913 ஜனவரி 16 அன்று ஆங்கிலேயக் கணிதவியலாளர் ஹார்டிக்கு எழுதிய கடிதத்திலேயே, பகா எண்களின் எண்ணிக்கைக்கு ஒரு கோவை கண்டதாக ராமானுஜன் தெரிவித்திருந்தார். அதற்கு அவர் கருதிய அளவு துல்லியம் இல்லை என்று பின்னர் தெரிந்தது. 1919-இல் அதே கழகத்தின் இதழில், 1-ஐவிடப் பெரிய ஓர் எண்ணுக்கும் அதன் இருமடங்குக்கும் இடையில் ஒரு பகா எண்ணாவது இருக்கும் என்ற பெர்ட்ராண்டின் கூற்றுக்கு மிகச் சுருக்கமான நிறுவலை அவர் தந்தார். அதிலிருந்து பிறந்த 2, 11, 17, 29, 41 என்னும் வரிசை இன்று ‘ராமானுஜன் பகா எண்கள்’ எனப்படுகிறது.

சுந்தரத்தின் முறையை உலகுக்கு அறிவித்தவரும் ராமசாமி ஐயரே. கழகத்தின் மற்றோர் இதழான ‘மேத்தமேட்டிக்ஸ் ஸ்டூடண்ட்’ 1934-இல் அவருடைய குறிப்பை வெளியிட்டது. ஒரு மாணவரின் கண்டுபிடிப்பை அவர் பெயராலேயே அச்சேற்றிய இந்தப் பண்பு நினைக்கத்தக்கது. 1941-இல் ‘ஸ்கிரிப்டா மேத்தமேட்டிகா’ இதழ் வழியாகச் சல்லடை வெளிநாட்டு வாசகர்களையும் எட்டியது.

செய்முறை

கொல்லிமலையில் காரவள்ளியிலிருந்து ஏறும் சாலையில் 70 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. அவற்றுக்கு 1 முதல் 70 வரை எண்ணிட்டால், பகா எண் பெறும் வளைவுகள் எவை, எத்தனை?

70-க்குள் கடைசி ஒற்றை எண் 69. அது 34-இன் இருமடங்கோடு 1 சேர்ந்தது. ஆகவே 1 முதல் 34 வரை எழுதிக்கொள்ள வேண்டும். அடிக்க வேண்டியவை மூன்று கூட்டுத்தொடர்கள்:

4-இல் தொடங்கி மும்மூன்றாக: 4, 7, 10, 13, 16, 19, 22, 25, 28, 31, 34.
12-இல் தொடங்கி ஐந்தைந்தாக: 12, 17, 22, 27, 32.
24-இல் தொடங்கி ஏழேழாக: 24, 31.

அடுத்த தொடர் 40-இல் தொடங்குவதால் எல்லைக்கு வெளியே போகிறது. 22-உம் 31-உம் இருமுறை வருவதால் அடிபடுபவை 16, எஞ்சுபவை 18. எஞ்சிய ஒவ்வொன்றையும் இரட்டித்து 1 கூட்டினால் 3, 5, 7, 11, 13, 17, 19, 23, 29, 31, 37, 41, 43, 47, 53, 59, 61, 67 கிடைக்கும். ஒரே இரட்டைப் பகா எண்ணான 2-ஐச் சேர்த்தால் மொத்தம் 19. கௌசின் மதிப்பீட்டின்படி 70-க்குக் கிடைப்பது சுமார் 16.5. பெர்ட்ராண்டின் கூற்றுக்கு ஏற்ப, 35-க்கும் 70-க்கும் இடையில் மட்டும் 8 பகா எண்கள் உள்ளன.

காரணம்

1-ஐவிடப் பெரிய இரண்டு ஒற்றை எண்களை 2i+1, 2j+1 என்று கொண்டால், அவற்றின் பெருக்கம் 2(i+j+2ij)+1 ஆகும். அடிபடும் எண்கள் யாவும் i+j+2ij என்னும் வடிவின. எனவே அடிபட்டதை இரட்டித்து 1 கூட்டினால் பகு எண்ணே வரும். அடிபடாதது ஒற்றைப் பகா எண்ணையே தரும். பகா எண்ணைத் தேடிப் போகாமல், ஒற்றைப் பகு எண்கள் எல்லாவற்றையும் ஒரே கோவையில் பிடித்ததே சுந்தரத்தின் நுட்பம்.

பயனும் எல்லையும்

ஒரே எண் பலமுறை அடிபடுவதால், பெரிய எல்லைகளில் எரடோஸ்தனீசின் முறையே விரைவானது. ஆனால் சிறிய எல்லைக்குள் தாளும் பேனாவும் கொண்டு செய்ய சுந்தரம் சல்லடை மிக எளிது. கணினி நிரலாக்கம் கற்பவர்களுக்கும் நல்ல பயிற்சி. தனியொரு பெரிய எண்ணைச் சோதிப்பதற்கு வேறு வழி தேவை. கான்பூர் ஐ.ஐ.டி.யின் மணீந்திர அகர்வால், நீரஜ் கயல், நிதின் சக்சேனா மூவரும் 2002-இல் அதற்கான விரைவான, ஐயத்துக்கு இடமற்ற முறையைக் கண்டனர். 2006-இல் கோடெல் பரிசும் பெற்றனர். அம்முறையைப் புரிந்துகொள்ள உயர்கணிதப் பயிற்சி வேண்டும். சுந்தரத்தின் சல்லடைக்குப் பள்ளி இயற்கணிதமே போதும் என்பதால், பகா எண்களை அறிமுகப்படுத்தும் வகுப்புகளில் அதற்கு நிலையான இடம் தரப்பட வேண்டும்.