பசியைப் பாடிய பிள்ளை

டிவியில் 'திருவிளையாடல்' (1965) ஓடினால் அம்மிச்சி அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்துகொள்வார். பழம் கிடைக்காமல் கோபித்துக்கொண்டு போன முருகனை, ஔவையாராக வரும் கே.பி. சுந்தராம்பாள் பாடித் தேற்றும் காட்சி. "அந்தம்மாவுக்குத் தெரியாத பசியா கண்ணு?" என்பார். எனக்கு அப்போ புரியவில்லை.

சுந்தராம்பாள் 1908இல் காவிரிக்கரைக் கொடுமுடியில் பிறந்தவர். வறுமையில் ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமி என்று சொல்வார்கள். வேலு நாயர் நாடகக் கம்பெனியில் முதலில் கிடைத்தது 'நல்லதங்காள்' நாடகத்தில் மூத்த மகன் வேஷம். பஞ்சம் பிழைக்க அண்ணன் வீட்டுக்குப் போய், அங்கே அண்ணி சோறு போடாததால், ஏழு பிள்ளைகளையும் கிணற்றில் தள்ளிவிட்டுத் தானும் விழுந்த தாயின் கதை அது. அந்த மகன் வயிற்றுப்பசியைப் பாடவேண்டும். பசி தெரிந்த ஒரு பெண்பிள்ளை, பசித்த பையனாக மேடையில் நின்றது. இதில் நடிப்பு எங்கே தொடங்குகிறது?

1933இல் கணவர் கிட்டப்பா இறந்தபோது அவருக்கு 25 வயது. வெள்ளைச் சேலைக்கு மாறினார். இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார். 1935இல் 'நந்தனார்' படத்தில் ஆணாகவே வந்தார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். 1953இல் 'ஔவையார்'. கல்யாணம் வேண்டாமென்று வேண்டி, இளமையை உதறிக் கிழவியானவள்தான் கதையில் வரும் ஔவை.

நிகழ்த்துகலையில் உடம்புதான் கருவி என்று இன்றைக்குப் புதுசாகப் பேசுகிறோம். பசித்த பிள்ளையாக மேடையேறியவர், அறுபதை நெருங்கும்போது, பழம் கிடைக்காத பிள்ளைக்காகப் பாடினார். அம்மிச்சி அடுப்பை அணைத்துவிட்டுப் பார்த்தது இதைத்தான்.