லயக் காம்பராவும் காணி உறுதியும்

கொழும்பிலிருந்து அவிசாவளை வழியாக அட்டனுக்கு ஏறும் பெருவீதியில், நுவரெலியா மாவட்டத்தின் மேற்கு வாயிலாக அமைந்துள்ளது கினிகத்தேனை. அவ்வூரைச் சூழ்ந்த தோட்டங்களில் பிரித்தானியர் காலத்து லயங்களை இன்றும் காணலாம். பத்தடிக்குப் பன்னிரண்டடி அளவான காம்பராவொன்றில் ஒரு குடும்பம் தலைமுறைகளாக வாழ்ந்து வந்தது. அதன் நெருக்கடியையும் புகையையும் பற்றிப் பலர் எழுதியுள்ளனர். எந்த உரிமையின் பேரில் அக்குடும்பம் அங்கு வாழ்ந்தது என்ற வினாவோ அரிதாகவே எழுப்பப்பட்டது. வாடகை இல்லை, உறுதியும் இல்லை. பேர் பதிவில் உள்ளவரையே கூரை உண்டு.

இவ்வினாவை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்தது கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மயர் தோட்டம். கிராம விரிவாக்கத்துக்கென அரசாங்கம் அத்தோட்டத்தைச் சுவீகரித்துத் தொழிலாளரை வெளியேறப் பணித்தது. அவர்கள் மறுத்தனர். 1946இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் வேலைநிறுத்தத்தில் இறங்கியது. காம்பராவை விட்டு அகலாதோர் மீது அத்துமீறற் குற்றம் சாட்டப்பட்டது. அவர்களுள் செல்வநாயகம் என்ற தொழிலாளியின் வழக்கு இலண்டன் பிரிவிக் கவுன்சில் வரை சென்று 1950இல் முடிவுற்றது. தன் இருப்பிடத்தைக் காத்துக்கொள்வதே ஒருவனது முதன்மையான நோக்கமாயின், உரிமையாளரைத் தொந்தரவு செய்யும் குற்றநோக்கம் அவனுக்கிருந்ததாகக் கொள்ளலாகாது என்பதே தீர்ப்பின் சாரம். தண்டனை நீங்கியது, எனினும் அத்தீர்ப்பு எவருக்கும் வீட்டுரிமை வழங்கவில்லை.

இதே காலத்தில் ஐக்கிய அமெரிக்காவில் எழுந்த லெவிட்டவுன் புறநகரின் ஒப்பந்தம், வெள்ளையரல்லாதார் அங்கு குடியிருக்கத் தடை விதித்தது. வீட்டு வேலைக்காரராகத் தங்குவதற்கு மட்டும் விலக்களித்தது. மலையகத்திலும் நிலை ஏறத்தாழ அதுவே: வேலையாளாக இருக்கலாம், குடியாக இருத்தல் ஆகாது. இத்தகைய இன ஒப்பந்தங்களை நீதிமன்றங்கள் நிறைவேற்றிக் கொடுத்தலாகாதென அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1948 மே மாதத்தில் தீர்ப்பளித்தது. (அதன் பின்னும் லெவிட்டவுனின் கதவு எளிதில் திறக்கவில்லை என்பது வேறு.) அதே ஆண்டின் ஓகஸ்ட் மாதத்தில் இலங்கைப் பாராளுமன்றம் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டத்தை நிறைவேற்றித் தோட்டத் தொழிலாளருட் பெரும்பாலாரை நாடற்றோராக்கியது. நாடே இல்லாதவன் காணி கேட்பது எங்ஙனம்?

1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டது. எஞ்சியோரின் நாடற்ற நிலையை நீக்குவதற்கான சட்டம் 2003இலேதான் வந்தது. குடியுரிமை பெற்றோரும் காம்பராவிலேயே வாழ்ந்தனர். 1992இல் தோட்டங்களின் நிர்வாகம் கம்பனிகளின் கைக்கு மாறியபோதும் லயத்தின் சட்டநிலை மாறவில்லை. 2015இன் பின்னரே குடும்பத்துக்கு 7 பேர்ச்சஸ் காணியும் தனிவீடும் என்பது அரசின் கொள்கையாக உருப்பெற்றது. இந்திய உதவியுடன் வீடுகள் எழுந்தன. பல்லாயிரம் குடும்பங்கள் லயத்திலேயே எஞ்சியுள்ளன; புதுவீட்டில் குடியேறியோர் சிலருக்கும் உறுதிப் பத்திரம் கைக்கு எட்டவில்லை.