இடைசெவல்: பாம்படமும் பட்டாவும்

கோவில்பட்டியிலிருந்து கயத்தாறு போகும் நெடுஞ்சாலையில், நாலாட்டின்புதூரைத் தாண்டினால் இடைசெவல். பேருந்தில் போகிறவர்களுக்கு மற்ற கரிசல் ஊர்களுக்கும் இதற்கும் வேறுபாடு தெரியாது. ஆனால் தமிழில் இந்த அளவுக்கு எழுதப்பட்ட சிற்றூர்கள் மிகக் குறைவு. 1923 செப்டம்பரில், ஒரு வார இடைவெளியில், கி. ராஜநாராயணனும் கு. அழகிரிசாமியும் இங்கே பிறந்தார்கள். இருவருமே சாகித்திய அகாதெமி விருது பெற்றவர்கள். ஒரு விவசாயி தனியாளாக உட்கார்ந்து 1982இல் கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியையே கொண்டுவந்துவிட்டார்.

இந்த ஊரின் தோற்றக் கதையைக் ‘கோபல்ல கிராமம்’ நாவலில் சொல்பவர் ஒரு கிழவி. நூறு வயதைக் கடந்த பூட்டி மங்கத்தாயாரு அம்மாள். தெலுங்கு தேசத்தில் சென்னாதேவி என்ற அழகிய பெண்மீது ஒரு துலுக்க ராஜாவின் கண் விழுகிறது. குலமே இரவோடு இரவாகத் தெற்கே புறப்படுகிறது. ராஜாவும் பெண்ணும் ஓட்டமும் கொண்ட இதுபோன்ற கதை தமிழகத்தில் குடியேறிய பல சாதிகளிடமும் உண்டு. தெய்வமான கன்னிகளின் கதைகளில் பாதி இதே சட்டகத்தில்தான் அமைந்திருக்கின்றன.

வரலாற்றாசிரியர்கள் வேறு காரணங்களையும் சொல்கிறார்கள். விஜயநகரப் படையெடுப்புகள், 16ஆம் நூற்றாண்டில் மதுரையில் அமைந்த நாயக்கர் ஆட்சி, பாளையங்கள், இவற்றோடு கரிசல் மண். ஆற்றுப்பாசனத்தை நம்பியவர்கள் தாமிரபரணிக் கரையில் இருந்தார்கள். மானாவாரி வெள்ளாமையில் கைதேர்ந்த வடுகக் குடிகள், எளிதில் யாரும் தொடாத இந்தக் கறுப்பு மண்ணைக் காடு திருத்தி எடுத்துக்கொண்டார்கள். மண்ணைத் தேடி வந்தோம் என்று சொல்வதைவிடப் பெண்ணைக் காக்க வந்தோம் என்று சொல்வது குலத்துக்கு மரியாதை. அந்த மரியாதைக்கு ஒரு விலை உண்டு. நிலத்தை உழுதவன் ஆண், இடம்பெயரக் காரணம் பெண் என்று முதல் அத்தியாயத்திலேயே பங்கு பிரிந்துவிடுகிறது. ராஜாவை மணக்க அவளுக்கு விருப்பமா இல்லையா என்று குலத்தில் யாரும் கேட்டதாகக் கதையில்லை. அந்த அழகிய பெண்ணைச் சுமந்து வந்த நினைவையும் இன்னொரு பெண்தான் நூறு வருஷம் காப்பாற்றி வைத்திருக்கிறாள்.

நாவலின் தொடக்கத்திலேயே இன்னொருத்தி வருகிறாள். வழிப்பயணத்தில் தண்ணீர் குடிக்க இறங்கிய கர்ப்பிணி. காதில் கிடக்கும் பாம்படத்துக்காக ஒருவன் அவளை நீரில் அமுக்குகிறான். அவன் கால்விரலைப் பல்லால் கவ்விக்கொண்டே அவள் சாகிறாள். கதை அதன்பின் கொலைகாரனையும் ஊர் அவனுக்குத் தரும் கழுத் தண்டனையையும் பின்தொடர்கிறது. வகுப்பில் இந்த இடம் வரும்போது ஒரு மாணவி கேட்டாள்: “அந்தப் பாம்படம் கடைசியில யாருக்கு மேடம் போச்சு?”

சரியான கேள்வி. கரிசல் பெண்ணுக்குத் தன்னுடையது என்று சொல்ல இருந்த ஒரே சொத்து காதில்தான் தொங்கியது. சிறுமியின் காதைக் குத்தி, துளையில் பஞ்சைத் திணித்துப் பெரிதாக்கி, பிறகு ஈயக் குணுக்கு மாட்டி, காது தோளைத் தொடும்வரை வளர்ப்பார்கள். உள்ளே அரக்கு வைத்த தங்கப் பாம்படமும் தண்டட்டியும் அதில் ஏறும். மழை பொய்த்தால் முதலில் அடகுக்குப் போவதும் அதுவே. விதைக்கு, மாட்டுக்கு, கிணறு வெட்ட, கொழுந்தன் கல்யாணத்துக்கு. கழற்றிக் கொடுத்தவள் பெயரில் அந்தக் கிணறோ மாடோ வந்ததில்லை. பின்னாளில் வளர்ந்த காதை அறுத்துத் தைத்துச் சின்னக் கம்மல் போட்டுக்கொண்டது நாகரிகம் என்று பேசப்பட்டது. பாம்படம் திரும்பாது என்று தெரிந்து தைத்துக்கொண்டவர்களும் இருந்திருப்பார்கள் என்றே நினைக்கிறேன்.

கி.ரா.வின் ‘கதவு’ சிறுகதையை வறுமைக் கதையாகவே பாடத்தில் நடத்துகிறோம். கணவன் மணிமுத்தாறு அணை வேலைக்குப் போய்ச் சேதியில்லை. தீர்வை பாக்கிக்காகத் தலையாரி வந்து வீட்டுக் கதவைக் கழற்றிப் போகிறான். அம்மா காட்டுவேலைக்குப் போக, கைக்குழந்தையைப் பார்த்துக்கொள்வது மகள். வாடை உள்ளே வருகிறது, குழந்தை இறந்துபோகிறது. தீர்வை கட்டவேண்டிய பெயர் ஊரில் இல்லை. தண்டத்தை வாங்கிக்கொண்டது வீட்டில் இருந்த பெண்ணும் பிள்ளைகளும். அந்தச் சிறுமியின் வயதில் குழந்தை வளர்த்த அக்காமார்களின் உழைப்பை எந்த அடங்கலிலும் எழுதவில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். கோபல்லத்தின் வரலாறு நிலமுள்ளவர்களின் வரலாறு. ஐப்பசி மழைக்குப் பின் களை வெட்டி, மாசி பங்குனி வெயிலில் முன்றானையை மடியாகக் கட்டிப் பருத்தி எடுத்த பெண்களில் பெரும்பாலோர் நிலமில்லாதவர்கள், தலித்துகள். எடுத்த பருத்தியில் ஒரு பங்குதான் கூலி. பங்கு வைக்கும் கை நிலக்காரருடையது. கோவில்பட்டி வேளாண் ஆராய்ச்சி நிலையம் கருங்கண்ணிப் பருத்தியைத் தெரிந்தெடுத்து மேம்படுத்தியது. ரகத்துக்கு எண் உண்டு. வெடித்த காயின் கூர்முனையில் கீறிய விரல்களுக்கு என்ன கணக்கு?

1920களில் சிவகாசியில் வேர்விட்ட தீப்பெட்டித் தொழில் இந்தப் பக்கமும் பரவியபோது, காடு பொய்த்த வீடுகளுக்கு அது பிடிமானமானது. ‘தீப்பெட்டி ஆபீஸ்’ என்போம். கட்டை அடுக்கியவர்களும் பெட்டி ஒட்டியவர்களும் பெரும்பாலும் பெண்கள், சிறுமிகள். கூலி குரோஸ் கணக்கில். அட்வான்ஸ் வாங்குவது பல வீடுகளில் அப்பா, அடைப்பது மகள். ஆனாலும் வாராவாரம் கையில் காசைப் பார்த்த முதல் தலைமுறை அதுதான். சீட்டுப் போட்டு ஒரு கிராம், இரண்டு கிராமாகத் தங்கம் வாங்கினார்கள். மறுபடியும் காதுக்கும் கழுத்துக்கும்தான், நிலத்துக்கு அல்ல.

நிலம் சட்டத்தில் வந்தது. ‘கோபல்லபுரத்து மக்கள்’ வெளியான காலத்திலேயே, 1989 மார்ச் 25 முதல் தமிழ்நாட்டில் மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் மகனுக்குச் சமமான பங்கு உண்டு என்று ஆனது. அதற்கு முன் கல்யாணமானவர்களுக்குக் கிடையாது. அந்த வேலியை 2005ஆம் ஆண்டின் மத்தியச் சட்டம் எடுத்தது. அப்பா உயிரோடு இருக்கவேண்டிய அவசியமில்லை என்று 2020இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது.

பத்திரப்பதிவு அலுவலகத்தில் நடப்பது வேறு. நாற்கரச் சாலை வந்து கரிசலுக்கு விலை ஏறியதும், கேட்பாரற்றுக் கிடந்த வேலிக்கருவைக் காட்டுக்கும் பாகப்பிரிவினை தேவைப்படுகிறது. அக்கா தங்கச்சிகளைக் கார் வைத்து அழைத்துவருகிறார்கள். கேட்டால் பிறந்தவீட்டு வாசல் அடைந்துபோகும், பொங்கச்சீர் நின்றுபோகும். அம்மாவே சொல்வாள்: “உனக்குத்தான் நகை போட்டாச்சுல்ல தாயி.” கையெழுத்துப் போடுகிறார்கள். அண்ணனுக்குப் பங்கை விட்டுக்கொடுக்கும் அந்தத் தாளுக்குப் பெயர் விடுதலைப் பத்திரம். முத்திரைத்தாள் வாசகத்தை எழுத்தர் படித்துக் காட்டுவதற்குள், சாப்பிட எந்த ஓட்டலுக்குப் போவது என்று பேச்சு தொடங்கிவிடுகிறது.

பாம்படம் யாருக்குப் போனது என்று கேட்ட மாணவியின் அம்மா தீப்பெட்டி ஆபீசுக்குப் போகிறவர். இரண்டு ஏக்கர் கரிசல் உண்டாம். பட்டா யார் பெயரில் என்று பார்த்துவரச் சொன்னேன். செத்துப்போன தாத்தா பெயரில் இருந்தது.