வெளி இழந்த வெளிமான்: கிண்டிக் காட்டில் மான் மேலாண்மைக்கு எது அளவுகோல்?

சென்னைக் கிண்டியின் மான்களைப் பற்றிப் பேச்செடுத்தால் முதலில் வரும் கேள்வி, ‘மொத்தம் எத்தனை?’ என்பதுதான். கணக்கெடுப்பில் தொகை கூடினால் பாதுகாப்பு வென்றதாகக் கொள்கிறார்கள், குறைந்தால் பதறுகிறார்கள். சுவர் சூழ்ந்த நகரக் காட்டுக்கு இந்த அளவுகோல் பொருந்தாது என்பதே இக்கட்டுரையின் வாதம். எந்த மரக்கன்று பிழைக்கிறது, எவ்வளவு புல்வெளி மிஞ்சியிருக்கிறது என்று தரையைப் பார்த்துத்தான் அங்கே கணக்கைத் தொடங்க வேண்டும்.

1910இல் காப்புக்காடாக அறிவிக்கப்பட்டபோது கிண்டியின் பரப்பு ஏறத்தாழ 505 ஹெக்டேர். 1950களின் இறுதியில் இந்தியத் தொழில்நுட்பக் கழகத்துக்காக ஒரு பகுதி பிரிந்தது. 1961க்கும் 1977க்கும் இடையில் நிறுவனங்களுக்கும் நினைவிடங்களுக்குமாக மேலும் 172 ஹெக்டேர் போயிற்று. 1978இல் தேசியப் பூங்கா என்ற தகுதி கிடைத்தபோது கையில் இருந்தது சுமார் 270 ஹெக்டேர். காடு துண்டானபோது மான்களும் துண்டாயின. இன்று அவை வனத்துறையின் பூங்கா, ஆளுநர் மாளிகை வளாகம், தொழில்நுட்பக் கழக வளாகம் ஆகிய மூன்று நிர்வாகங்களின் கீழ் வாழ்கின்றன.

‘மான்’ என்ற ஒற்றைச் சொல் இங்கே இரண்டு விலங்குகளை ஒன்றாக்கிவிடுகிறது. புள்ளிமான் உண்மையான மான் இனம். ஆணின் கிளைக்கொம்பு உதிர்ந்து மீண்டும் முளைக்கும். வெளிமானின் முறுக்குக் கொம்போ உதிர்வதே இல்லை; அது இரலை இனம். அது எங்கே வாழும் என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது. தொலைவிலேயே பகையைக் கண்டு, விரைந்தோடித் தப்பும் விலங்குக்குத் திறந்தவெளிதான் அரண். கருத்த முதுகும் வெள்ளை வயிறுமாக வளர்ந்த ஆண், தன் எல்லையை வகுத்துப் பெண்களை ஈர்ப்பதும் அந்த வெளியில்தான். கோடியக்கரையின் புல்வெளியில் அதைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். கிண்டியில் அதற்கு எஞ்சிய முக்கியப் புகலிடம் ஆளுநர் மாளிகையை ஒட்டிய போலோ மைதானம். அதையும் புதரும் சீமைக் கருவேலமும் விளிம்பிலிருந்து நெருக்கும்போது, ஒரு வேட்டைக்காரனும் நுழையாமலே வெளிமான் தோற்றுப்போகிறது.

புள்ளிமானுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. புல்லையும் மேயும், இலையையும் தின்னும். குரங்கு உதிர்க்கும் தழைக்காக மரத்தடியில் காத்து நிற்கும். விடுதிப் புல்தரையும் மரநிழலும் மாறிமாறி வரும் வளாக நிலம் அதற்கு வசதியாகவே அமைந்துவிட்டது. கன்றுகளைப் பிடிக்க நரி உண்டு. ஆனால் வளர்ந்த மானை வீழ்த்தும் சிறுத்தையோ செந்நாயோ இல்லை. கிண்டியில் புள்ளிமான் வெளிமானைவிடப் பல மடங்கு மிகுந்திருப்பதில் வியப்பில்லை. இரண்டையும் கூட்டிச் சொல்லும் தொகை, ஒன்றின் பெருக்கத்தால் மற்றொன்றின் சரிவை மறைத்துவிடும்.

மேய்ச்சல் மிகுந்த காட்டை அடையாளம் காணக் கருவி எதுவும் வேண்டாம். பின்னங்கால்களில் நின்று கழுத்தை நீட்டினால் மானின் வாய் எட்டும் உயரம் வரை இலை இருக்காது. அதற்கு மேல் தழை அடர்ந்திருக்கும். கத்தரித்து விட்டதுபோல் மரத்துக்கு மரம் அந்தக் கோடு ஒரே மட்டத்தில் ஓடும். கீழே மானுக்குப் பிடிக்காத செடிகள் மட்டும் தழைத்து நிற்கும். 2016 டிசம்பரில் வர்தா புயல் கிண்டியில் பெருமரங்களைச் சாய்த்தது. அப்படி விழும் ஒவ்வொரு மரத்தின் இடத்திலும் அடுத்த தலைமுறை எழுமா என்பதை முழங்கால் உயரக் கன்றுகளே தீர்மானிக்கின்றன. மான் வாய்க்கு முதலில் அகப்படுபவையும் அவைதான்.

இதன் நீண்டகால விளைவுக்கு அந்தமான் தீவுகள் சான்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலேயர் அங்கே கொண்டுபோய் விட்ட புள்ளிமான்கள், வேட்டை விலங்கு இல்லாத நிலத்தில் பெருகிக் கீழடுக்குத் தாவரங்களைத் தின்று தீர்த்தன. மான் நிறைந்த தீவுகளில் தரையோடு ஒட்டி வாழும் பல்லியினங்கள்கூடக் குறைந்திருப்பதை ஆய்வாளர்கள் பதிவு செய்துள்ளனர். சாலைகள் சூழ்ந்த கிண்டியும் ஒருவகைத் தீவுதான்.

தீர்வாக முதலில் முன்வைக்கப்படுவது இடமாற்றம். அதைக் கடைசியில் வைப்பதே சரி. புள்ளிமான் எளிதில் மிரளும். பிடிபடும் பதற்றத்தில் தசைகள் சிதைந்து, விடுவித்த பின்னும் சாகக்கூடும். மத்தியப் பிரதேசத்தில் பென்ச் காட்டிலிருந்து சாத்புராவுக்குக் கொண்டுசென்றபோது, துணியால் மறைத்த புனல்வடிவத் தடுப்புக்குள் மான்களைத் தாமாக நடந்துவரச் செய்து வண்டியேற்றினார்கள். அந்தப் பொறுமைக்கு இடமில்லாத இடமாற்றத்தை அனுமதிக்கக் கூடாது.

கருத்தடை குறித்து அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழக வளாகம் ஒரு பாடம் தருகிறது. பெண் மான்களுக்கு அங்கே அறுவைசிகிச்சை செய்தார்கள். ஆனால் சினைப்பருவம் தொடர்ந்து வந்ததால் வெளியிலிருந்து ஆண் மான்கள் வந்து சேர்ந்தன, எண்ணிக்கை குறையவில்லை. கிண்டியின் நிலை வேறு. வெளியிலிருந்து வந்துசேர மானே இல்லாததால், அங்கே தோற்ற முறை இங்கே பயன்தரக்கூடும். ஆயினும் அதுவும் மானைப் பிடித்தே ஆகவேண்டிய வேலை. மூன்று வளாகங்களிலும் ஒருசேரச் செய்யாவிட்டால் வீண்.

உடனே செய்யக்கூடியவை இருக்கின்றன. குப்பையோடு பிளாஸ்டிக்கை விழுங்கி மான் சாவதைத் தடுக்க மூடியுள்ள தொட்டி போதும். வளாக நாய்கள் மானைத் துரத்திக் கடிப்பதைத் தனிச் சிக்கலாகவே கையாள வேண்டும். தொகையைக் குறைக்கும் வழியாக அதைக் கண்டும் காணாமல் விடுவது கொடுமை. மனிதர் உணவூட்டுவதும் நிற்க வேண்டும். போலோ மைதானத்தின் சீமைக் கருவேலத்தை வேரோடு அகற்றி, முளைப்பவற்றை ஆண்டுதோறும் பிடுங்க வேண்டும்.

இவற்றோடு, மூன்று வளாகங்களிலும் மான் நுழைய முடியாத சிறு வேலிச் சதுரங்கள் வேண்டும். ஒவ்வொன்றின் பக்கத்திலும் அதே அளவில் வேலியில்லாச் சதுரம் ஒன்று. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்த தை மாதத்தில் இரண்டிலும் குருந்து, களா போன்றவற்றின் கன்றுகளை எண்ணிப் பதிவு செய்யலாம். அந்தப் பதிவேடும், தனித்தனியே எடுத்த புள்ளிமான், வெளிமான் கணக்குகளும் மூன்று நிர்வாகங்களும் கூடும் ஒரே மேசைக்கு வர வேண்டும். புள்ளிமான் தொகையைக் கட்டுப்படுத்த வேண்டுமா, எந்த வளாகத்தில், எவ்வளவு என்பதை அங்கே முடிவு செய்யலாம்.